சொல்லாமல் வைத்த சாவு

என்னை "அடியே தேசம்" என்று பாதிப் பெயரில் கூப்பிட்ட கன்னியம்மா அக்காவுக்கு,

அங்கே எல்லாரும் சுகமா? எல்லாரும் என்று எழுதுகிறேன், ஏனென்றால் இந்த மாசம் உனக்குத் துணை வந்திருக்கிறது. மாமா, அதான் உன் வீட்டுக்காரர், வந்து சேர்ந்தாரா அக்கா? வெள்ளை வேட்டியும் நீலக் கரை போட்ட துண்டுமாக அனுப்பி வைத்தோம். துண்டு நம் கொட்டகைத் தறியில் ஓட்டினதுதான். கடைசி ரெண்டு வருஷமும் மூச்சு வாங்குகிறது என்று வாசற்படியிலேயே உட்கார்ந்திருந்தார். அங்கேயாவது காற்று நன்றாக வருகிறதா?

வந்ததும் வராததுமாக என்னைப் பற்றி ஒரு புகார் சொல்லியிருப்பார். "உன் ஓரகத்தி என் பேச்சைக் கேக்கல" என்று. உண்மைதான். கேட்கவில்லை. அதைச் சொல்லத்தான் எழுதுகிறேன். அதைச் சொல்ல வேண்டுமென்றால் நீ போனதிலிருந்து சொல்ல வேண்டும். பதினாலு வருஷத்தில் ஒரு தடவைகூட உன்னிடம் நான் அதைப் பேசினதில்லை.

நான் கல்யாணம் ஆகி நகரிக்கு வந்த அன்றைக்கு இந்த வீட்டில் ஒரு வார்த்தையும் என் காதில் விழவில்லை. சுவருக்கு அந்தப் பக்கம் எட்டு பவர்லூம் ஓடிக்கொண்டிருந்தது. எல்லாரும் வாயை அசைக்கிறார்கள், எனக்கு ஒன்றும் புரியவில்லை. நீதான் என் மோவாயைப் பிடித்து உன் முகத்துப் பக்கம் திருப்பி, "காதால கேக்காத, உதட்டப் பாரு" என்றாய். ஒரு மாசத்தில் கற்றுக்கொண்டேன். அப்புறம் நாம் ரெண்டு பேரும் தறிக்கு நூல் தார் சுற்றிக்கொண்டே, மாமியார் எதிரிலேயே, சத்தம் இல்லாமல் எவ்வளவு பேசினோம். அத்தை சாகும் வரைக்கும் நாம் வேலையில் கவனமான மருமகள்கள் என்றே நினைத்தார்கள்.

மாங்காய்க் காலத்தில் உன் அம்மா வீட்டிலிருந்து, பங்காருபாளையத்திலிருந்து, கோணிச்சாக்கில் பழம் வரும். மொட்டை மாடியில் உட்கார்ந்து முழங்கை வரைக்கும் சாறு வழியத் தின்போம். உனக்குப் பிள்ளை இல்லை என்று யாரோ சொன்ன நாளில் நீ நாலு பழம் கூடுதலாகத் தின்றாய். "துன்னா சரியாப் பூடும்" என்றாய். சரியாகப் போனதா அக்கா? நான் அப்போது கேட்கவில்லை.

பவானி பிறந்ததும் அவளைக் குளிப்பாட்டியது நீ. காலை நீட்டிப் போட்டு அவளைக் குப்புறக் கிடத்தி எண்ணெய் தேய்ப்பாய். அவளுக்கு ஆறு வயசு ஆனபோது நான் குவைத்துக்கு வீட்டு வேலைக்குக் கிளம்பினேன். அந்த வருஷங்களில் நம் தெருவில் பாதிப் பெண்கள் அப்படித்தான் போனார்கள். நூல் கிடைக்காமல் தறி நிற்கும், தறி ஓடினால் கரண்ட் நிற்கும். பஸ் ஏறும்போது பவானி உன் இடுப்பில் இருந்தாள். ஆறு வயசுப் பெண்ணை இடுப்பில் தூக்கினாய். "நீ போ, இது என் பொண்ணு" என்றாய். சிரிக்கத்தான் சொன்னாய். எனக்கு அந்தச் சொல்லை நம்பித்தான் அஞ்சு வருஷம் அங்கே இருக்க முடிந்தது.

அங்கே வெள்ளிக்கிழமை லீவு. நாலு மணிக்கு நான் போன் போடுவேன். நீ பவானியைக் கூட்டிக்கொண்டு பஜார் தெரு எஸ்.டி.டி. பூத்தில் மூன்றரைக்கே வந்து உட்கார்ந்திருப்பாய். முதலில் நீ, அப்புறம் அவள், கடைசியில் மறுபடியும் நீ. இதுதான் வழக்கம்.

ஒரு வெள்ளிக்கிழமை அவள் மட்டும் பேசினாள். பெரியம்மா எங்கே என்றேன். "தலைக்குக் குளிக்கறாங்க" என்றாள். நான் சிரித்தேன் அக்கா. என்னைவிட அவங்களுக்கு சீயக்காய் பெருசாப் போச்சா என்று கேட்டு, நன்றாக, சத்தமாகச் சிரித்தேன். அடுத்த வாரம் நீ தூங்குகிறாய். அதற்கு அடுத்த வாரம் பங்காருபாளையத்தில் உன் தம்பிக்குப் பெண் பார்க்கப் போயிருக்கிறாய். அப்புறம் பூத்தில் லைன் சரியில்லை. ஏழு மாசம் இப்படியே போனது. உனக்குக் கோபம் என்று நினைத்தேன். கோபத்தைத் தணிக்க, உன் பித்தவெடிப்புக் காலுக்கு மெத்தென்று ஒரு ஜோடி செருப்பு வாங்கினேன். முன்னாலேயே நூலில் அளவெடுத்துக் கொண்டு போனதுதான்.

ஊருக்கு வந்தேன். வண்டியில் மாமாவும், என் வீட்டுக்காரர் உன் கொழுந்தனும் ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு வந்தார்கள். வீட்டுக்குள் நுழைந்து பெட்டியைத் திறந்தேன். செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு உன்னைத் தேடினேன். சாமி படங்களுக்குப் பக்கத்துச் சுவரில் ஓர் ஆணி. அதில் காய்ந்த கதம்ப நார் மட்டும் தொங்கியது. போட்டோவைக் கழற்றி ஒளித்து வைத்தவர்களுக்கு அந்த நாரை அவிழ்க்கத் தோன்றவில்லை.

யாரும் சொல்லவில்லை. நானே தெரிந்துகொண்டேன். வாயைத் திறந்து அழப் போனேன். அத்தை என் வாயைப் பொத்தினார்கள். வெள்ளிக்கிழமை, விளக்கு வைக்கிற நேரம், வெளிநாட்டிலிருந்து வந்த காலோடு வீட்டில் ஒப்பாரி கூடாது என்றார்கள். மறுநாள் அழலாம் என்று பார்த்தால், என்னோடு உட்கார்ந்து அழ யாரும் இல்லை. அவர்கள் எல்லாம் அழுது முடித்து, காரியம் முடித்து, ஏழு மாசம் ஆகிவிட்டிருந்தது. தெருப் பெண்கள் வந்து குவைத் சோப்பு வாசனையாக இருக்கிறது என்றார்கள். ஊருக்கே தெரிந்த சாவு எனக்கு மட்டும் அன்றைக்குத்தான் புதுசு.

நம் பக்கத்தில் இது வழக்கம்தான். தூரத்தில் இருக்கிறவர்களிடம் சாவைச் சொல்ல மாட்டார்கள். தனியாக இருக்கிறாள், தாங்க மாட்டாள், லீவு கிடைக்காது, அழுதுகொண்டே அடுப்பில் கையை வைப்பாள். எல்லாம் அன்பில்தான். அன்பில் செய்ததை யாரிடம் போய்ச் சண்டை போடுவது?

நான் ஆள் பார்த்துச் சண்டை போட்டேன். பதினோரு வயசுப் பெண்ணிடம். "பெத்தவகிட்டயே பொய் சொன்ன இல்ல?" என்று பவானியைப் பார்த்து ஒரு தடவை கேட்டேன். அப்புறம் நான் அவளைச் சரியாகப் பார்க்கவே இல்லை. பார்த்தால் பூத்தும் தலைக்குளியலும் என் சிரிப்பும் வந்துவிடும். தலைவாரச் சீப்பை எடுத்துக்கொண்டு வருவாள். எனக்கு வேலை இருக்கிறது என்பேன். அவளே கோணலாக வகிடெடுத்துக்கொண்டு பள்ளிக்கூடம் போனாள்.

தார் சுற்றப் போகவில்லை. மாடிக்குப் போகவில்லை. மாம்பழம் தொடவில்லை. செருப்பை நாயுடுபேட்டையில் கட்டிக்கொடுத்திருக்கிற உன் நாத்தனாருக்குக் கொடுத்து அனுப்பிவிட்டேன். நினைப்பு வந்தால் ரேடியோவைச் சத்தமாக வைப்பேன். அப்படியும் ஒரு நாள் துணி துவைத்துக்கொண்டிருந்தபோது நெஞ்சு அடைத்து, கை மரத்து, விழுந்துவிட்டேன். திருப்பதி பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போனார்கள். நீ கடைசியாகப் போன அதே இடம். எல்லாம் எடுத்துப் பார்த்து, நெஞ்சில் ஒன்றும் இல்லை என்று மாடியில் ஒரு மேடத்திடம் அனுப்பினார்கள். டாக்டர் இல்லை, பேசுகிறவங்க. பைத்தியத்துக்குப் பார்க்கிறவங்க என்று உன் கொழுந்தன் முகம் சுருங்கிப் போனது.

அந்த மேடம் தெலுங்கில்தான் பேசுவார்கள். நான் அழுவேன், ஆறுதல் சொல்வார்கள் என்று நினைத்தேன். ஆறுதலே சொல்லவில்லை. உன்னை நினைக்காமல் இருக்க நான் இதுவரைக்கும் என்னென்ன செய்தேன் என்று கேட்டார்கள். சொன்னேன், ரேடியோ வரைக்கும். அதில் எது பலித்தது என்றார்கள். எதுவும் இல்லை என்றேன். அதற்காக எதை எல்லாம் விட்டாய் என்றார்கள். தார், மாடி, மாம்பழம் என்று சொல்லிக்கொண்டே வந்தேன். பவானி பெயர் வந்ததும் வாய் நின்றுவிட்டது. அவர்கள் அவசரப்படவில்லை. பேனாவை மூடி வைத்துவிட்டுக் காத்திருந்தார்கள்.

செவ்வாய்க்கிழமை செவ்வாய்க்கிழமை புத்தூர் வழியாகப் பஸ் பிடித்துப் போனேன். மொத்தம் ஏழு தடவை. அந்த வைத்தியத்துக்கு இங்கிலீஷில் ஒரு பேர் சொன்னார்கள், என் வாயில் நிற்கவில்லை. எனக்குப் புரிந்த மட்டும் சொல்கிறேன். வருகிற வலியைத் தள்ளாமல் ஒப்புக்கொள்ள வேண்டும். ஒப்புக்கொண்ட கையோடு, நமக்கு எது முக்கியமோ அதன் பக்கம் ஓர் அடி வைக்க வேண்டும். வலி போன பிறகு வைக்கலாம் என்று உட்காரக் கூடாது.

ஒரு பழக்கம் சொல்லிக்கொடுத்தார்கள். "அவ செத்துக் கிடந்தப்ப நீ சிரிச்ச" என்று உள்ளே ஒரு குரல் வரும் இல்லையா, அதற்கு முன்னால் நாலு வார்த்தை சேர்க்க வேண்டுமாம். "நா மனசு இலா செப்தோந்தி." என் மனசு இப்படிச் சொல்லுது. அவ்வளவுதான். எனக்குச் சிரிப்பாக இருந்தது. இதைச் சொன்னால் போய்விடுமா என்று கேட்டேன்.

"போதம்மா. போகாது. போகணும்னு எதுக்கு நெனைக்கிற?" என்று எனக்காகப் பாதித் தெலுங்கும் பாதித் தமிழுமாகச் சொன்னார்கள்.

வீட்டுக்கு வந்து சுவர் ஓரம் படுத்திருந்தபோது எனக்கே ஒன்று பிடிபட்டது. அந்தப் பக்கம் தறி ஓடிக்கொண்டிருந்தது. அந்தச் சத்தத்தில் நாம் சமைக்கிறோம், தூங்குகிறோம், பிள்ளைக்குப் பால் கொடுக்கிறோம். நிறுத்தச் சொல்லி யாரும் போவதில்லை. அது பாட்டுக்கு அது. குவைத்தில் சத்தம் இல்லாமல்தான் எனக்கு முதல் மாசம் தூக்கமே வரவில்லை. மனசு சொல்வதும் ஒரு தறிதான் என்று வைத்துக்கொண்டேன். அடுத்த செவ்வாய்க்கிழமை மேடத்திடம் இதைச் சொன்னேன். நோட்டில் எழுதிக்கொண்டார்கள். நான் சொல்லி ஒருத்தர் எழுதிக்கொண்டது அதுதான் முதல் தடவை.

நெஞ்சில் எங்கே அடைக்கிறது, எப்படி இருக்கிறது என்று கேட்டார்கள். தண்ணீரில் போட்டு எடுத்த நூல் சிப்பம் மாதிரி, கனமாக, ஜில்லென்று என்றேன். அதைத் தூக்கி எறியப் பார்க்காதே, வைக்க இடம் கொடு, அதன் மேல் கையை வைத்துக்கொண்டு மூச்சு விடு என்றார்கள். பஸ்ஸில் வரும்போது கை வைத்துக்கொண்டே வந்தேன். பக்கத்து சீட்டு அம்மா வாந்தி வருகிறது என்று நினைத்து எலுமிச்சம்பழம் கொடுத்தார்கள்.

அந்த வாரத்துக்கு ஒரே ஒரு வேலை கொடுத்தார்கள். பவானிக்குத் தலைவாரணும். புதன்கிழமை வாரினேன். பின்னல் தளர்ந்து பள்ளிக்கூடத்திலேயே அவிழ்ந்து போனது. வியாழக்கிழமை முடியவில்லை, சீப்பைப் பார்த்ததும் எழுந்து போய்விட்டேன். வெள்ளிக்கிழமை மறுபடி வாரினேன். அவள் கழுத்தைக் கொஞ்சம் பின்னால் சாய்த்துக் கொடுத்தாள். உனக்கு அப்படித்தான் சாய்த்துக் கொடுத்துப் பழக்கம் போல.

இந்த நேரத்தில்தான் பழைய குவைத் வீட்டிலிருந்தே விசா வந்தது. எல்லாருக்கும் சந்தோஷம். இடம் மாறினால் மனசு மாறும் என்றார்கள். எனக்கும் அதுவே சரி என்று பட்டது. அங்கே ஆணி இல்லை, மாடி இல்லை, கோணல் வகிடு இல்லை. மேடத்திடம் சொன்னேன். போ என்றும் சொல்லவில்லை, போகாதே என்றும் சொல்லவில்லை.

"தேனிகோசம் போதுன்னாவு? தேன்னுஞ்சி பாரிபோதுன்னாவு?"

எதுக்காகப் போகிறாய், எதை விட்டு ஓடுகிறாய். அதைப் பிரித்துப் பார்த்துவிட்டுப் போ என்றார்கள். எனக்குப் பிரிக்கத் தெரியவில்லை. துணியை எடுத்து வைத்தேன்.

கிளம்ப நாலு நாள். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். பவானி என் புடவைகளை மடித்துப் பெட்டியில் அடுக்கிக்கொண்டிருந்தாள். உன்னை மாதிரியே மூலையை இழுத்துப் பிடித்து மடித்தாள். நிமிர்ந்து பார்க்காமலே சொன்னாள்.

"இந்த வாட்டி நான் பூத்துக்கு வரமாட்டேன். நைனாவ பேசச் சொல்லு." அப்பாவைத்தான் அப்படிச் சொல்வாள்.

"ஏண்டி?"

"எனக்குப் போன்ல பேச வராது."

அப்போது கரண்ட் போனது. தெரு முழுக்க இருக்கிற தறி ஒரே நொடியில் நிற்குமே, அந்த அமைதி உனக்குத் தெரியும். நெஞ்சில் அந்த ஈரச் சிப்பம் வந்து உட்கார்ந்தது. ஓடு, ரேடியோவைப் போடு, எழுந்து போ என்று மனசு சொல்கிறது. மனசு சொல்லுது, மனசு சொல்லுது என்று ரெண்டு தடவை சொல்லிக்கொண்டேன். கையை நெஞ்சில் வைத்துக்கொண்டேன். வந்த நாளிலிருந்து யாரையும் சொல்லவிடாமல் வைத்திருந்ததைக் கேட்டேன்.

"பெரியம்மா போன அன்னைக்கு என்னா நடந்துச்சு? எல்லாம் சொல்லு. நான் எழுந்து போமாட்டேன்."

அவள் மடிப்பதை நிறுத்தவில்லை. சொல்லிக்கொண்டே மடித்தாள். புதன்கிழமை ஜுரம். வியாழக்கிழமை உனக்கு நினைவு தப்பித் தப்பி வந்தது. வேன் வைத்தார்கள். அவளை வீட்டில் விட்டுப் போகப் பார்த்தார்கள், நீ விடவில்லை. வேனில் உன் தலை அவள் மடியில் இருந்தது. புத்தூர் தாண்டினதும் நீ கண்ணைத் திறந்தாயாம். பள்ளிக்கூடம் போகலியா என்று கேட்டாயாம். அப்புறம் அவள் கையைப் பிடித்துக்கொண்டு, "நாளைக்கு அம்மா போன் பண்ணுவா. எனக்கு ஜுரம்னு சொல்லாத. அங்க ஒத்தையில பயந்துக்குவா. தலைக்குக் குளிக்கறேன்னு சொல்லு" என்றாயாம்.

அக்கா, அந்த வார்த்தையை நீ சொல்லிக்கொடுத்தாய்.

அன்றைக்கு ராத்திரியே ஆஸ்பத்திரியில் நீ போய்விட்டாய், வெள்ளிக்கிழமை காலையில் உன்னை எடுத்தார்கள். நாலு மணிக்குத் தீட்டுக் குளியல் குளித்த ஈரத் தலையோடு அவளைப் பூத்தில் உட்கார வைத்தார்கள். பெரியவர்கள் என்ன சொல்லச் சொன்னார்கள் என்று அவளுக்கு ஞாபகமே இல்லையாம். நீ சொன்னதைத்தான் சொன்னாளாம். "பெரியம்மா கடைசியா ஒண்ணுதான் சொன்னாங்க. அத மட்டும் செஞ்சேன். நீ சிரிச்ச. சிரிச்சியா, அதனால நான் சொன்னது சரின்னு நெனச்சிக்கினேன்."

நடுவில் கரண்ட் வந்து தறி எல்லாம் ஓட ஆரம்பித்தது. அவள் குரல் போய்விட்டது. ஆனால் அவள் நிறுத்தவில்லை. நான் உதட்டைப் பார்த்துக் கேட்டுக்கொண்டேன். எனக்கும் அவளுக்கும் அதைக் கற்றுக்கொடுத்தது நீதான். என் சிரிப்பை நான் ஊருக்கு வந்த நாளிலிருந்து குற்றமாகத் தூக்கிக்கொண்டிருந்தேன். அவள் அதை நான் வரும் வரைக்கும் ஏழு மாசம் நல்ல சேதியாக வைத்துக்கொண்டிருந்திருக்கிறாள். பெட்டி மேலேயே தலையை வைத்து ரெண்டு பேரும் அழுதோம். விளக்கு வைக்கிற நேரம் ஆகியும் அழுதோம். அத்தை வந்து நின்று பார்த்துவிட்டு, விளக்கை ஏற்றாமலே போய் உட்கார்ந்துவிட்டார்கள்.

விசாவைத் திருப்பி அனுப்பினேன். எதை விட்டு ஓடுகிறேன் என்பது அவள் சொன்ன பிறகு தெரிந்துவிட்டது. மறுநாள் போய்த் தார் சுற்ற உட்கார்ந்தேன். உன் இடத்தில் உட்காரவில்லை, என் இடத்தில்தான். நெஞ்சடைப்பு அத்தோடு போய்விட்டது என்று எழுத ஆசைதான். போகவில்லை அக்கா. இன்றைக்கும் மாசத்துக்கு ரெண்டு தடவை வரும். வந்தால் அதையும் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு சாதம் வடிக்கிறேன்.

பவானி திருப்பதியிலேயே நர்ஸிங் படித்தாள். நீ கண் மூடின வார்டில் ஒரு மாசம் டியூட்டி பார்த்தாள். "அந்தப் பெட்டுல இப்ப ஒரு பாட்டி கீறாங்க, ரொம்ப திட்றாங்க" என்று சிரித்தாள். நாலு மாசம் முன்னால் மஸ்கட் போனாள், ஓர் ஆஸ்பத்திரியில் வேலை. ஏர்போர்ட்டில் மாமா அவளைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தார். நீ போன பிறகு அவருக்கு அவள் ஒருத்திதானே மிச்சம்.

உயிர் போவதற்கு ரெண்டு நாள் முன்னால் மாமா எங்களைக் கூப்பிட்டார். மூச்சு இழுத்து இழுத்துச் சொன்னார். "எனக்கு இன்னா ஆனாலும் பாப்பாவுக்குச் சொல்லாதீங்க. புதுசாப் போயிருக்கு. வர லீவு இல்ல. ஒத்தையில அழுதுகினு கெடக்கும்." உன் கொழுந்தன் சரி என்று தலையாட்டினார். நான் ஆட்டவில்லை. ஆனால் மறுத்தும் பேசவில்லை. சாகிறவரிடம் எப்படிப் பேசுவது?

பதினோரு மணிக்கு உயிர் போனது. வீடு நிறைய ஜனம். பாடை கட்ட மூங்கில் வந்து இறங்குகிறது. உன் கொழுந்தன் என்னைத் தனியாக இழுத்துப் போய், "அவர் வார்த்தையக் காப்பாத்து. அங்க அத யாரு புடிச்சிக்கினு ஆறுதல் சொல்லுவாங்க?" என்றார்.

நியாயமான கேள்விதான். கையில் செல்போன். பிள்ளை மயங்கி விழுந்தால் என்ன செய்வாய் என்று மனசு சொல்லுது. அங்கே நோயாளிக்கு மருந்து மாற்றிக் கொடுத்துவிட்டால் என்று மனசு சொல்லுது. செத்தவர் சொல்லை மீறுகிறவள் என்று மனசு சொல்லுது. எல்லாவற்றையும் சொல்லவிட்டேன். எது முக்கியம் என்று என்னை நானே கேட்டுக்கொண்டேன். அவள் அழாமல் இருப்பதா, அவள் என்னை நம்புவதா?

"சொல்லாட்டிதான் அவ ஒத்தை" என்று உன் கொழுந்தனிடம் சொன்னேன். வேறு யாரையாவது விட்டுச் சொல்லச் சொல்லாமல், சீரியஸ் என்று சுற்றி வளைக்காமல், நானே போட்டேன்.

"பவானி, டியூட்டில கீறியா?"

"இல்லம்மா. ரூம்ல. ஏன் குரல் ஒருமாதிரி கீது?"

"உக்காரு. பெரியப்பா போய்ட்டாரு. இப்பதான், முக்கால் மணி நேரம் ஆவுது."

கட்டில் கிறீச்சென்றது மட்டும் கேட்டது. நெஞ்சின் மேல் கையை வைத்துக்கொண்டு நின்றேன். ரொம்ப நேரம் கழித்து, "இன்னும் எடுக்கலியா?" என்றாள்.

"இன்னும் இல்லம்மா. உள்ளதான் படுத்திருக்காரு."

"எடுக்கறதுக்கு முன்னாடி சொன்னியா" என்றாள். கேள்வி மாதிரியும் இருந்தது, கேள்வி இல்லாத மாதிரியும் இருந்தது. அதற்கப்புறம்தான் உடைந்தாள். நானும் வாயை மூடாமல் அழுதேன். ஒரு தடவை மட்டும் இடையில் பேசினாள்.

"போன வெக்காத. ஒண்ணும் பேச வாணாம். அப்படியே இரு."

வைக்கவில்லை. மாமா பக்கத்தில் போய் உட்கார்ந்து, போனை அவர் தலைமாட்டில் நிமிர்த்தி வைத்து, முகத்தைக் காட்டினேன். நெற்றியில் காசு ஒட்டியதை, நீர்மாலை எடுத்து வந்ததை, பெண்கள் வட்டமாக உட்கார்ந்து அழுததை எல்லாம் அவள் பார்த்தாள். வட்டத்தில் ஓர் இடம் விட்டு அவளையும் வைத்தோம். என் பக்கத்து வீட்டு அம்மா போனைத் தடவித் தடவி அழுதார்கள். அவளை யார் பிடித்துக்கொள்வார்கள் என்று கேட்டாரே உன் கொழுந்தன், அவரே வந்து போன் எதிரில் குந்தி, "அழு பாப்பா, அழு" என்றார். தூக்கிக்கொண்டு போன பிறகும் லைன் இருந்தது. இந்தப் பக்கம் காலி வீடு. அந்தப் பக்கம் அவள் மூக்கை உறிஞ்சுகிற சத்தம்.

ரெண்டு நாள் லீவு கேட்டாளாம், கொடுத்தார்களாம். மூணாம் நாள் டியூட்டிக்குப் போனாள். யாருக்கும் மருந்து மாறவில்லை.

அக்கா, உன் மேல் எனக்குக் கோபம் இருந்தது. இப்போதும் கொஞ்சம் இருக்கிறது. எனக்காகத்தான் சொன்னாய். ஆனால் ஒரு சின்னப் பெண் அதை ஏழு மாசம் சுமந்தாள். நீ இருந்திருந்தால் இதை உன் முகத்துக்கு நேரே சொல்லி, நீ என்னைத் திட்டி, நாம் ரெண்டு நாள் பேசாமல் இருந்து, அப்புறம் நீயே தட்டில் சோறு போட்டுக் கொண்டுவந்து வைத்திருப்பாய். அந்த ரெண்டு நாள் கோபம்கூட எனக்குக் கிடைக்காமல் போய்விட்டதே. ஜுரத்தில் நான் உன்னைப் பார்க்காதது, உன் காலைப் பிடிக்காதது, இதெல்லாம் தீருமா? தீராது போலிருக்கிறது. தீர வேண்டும் என்று இப்போது கேட்பதில்லை.

மாமாவிடம் சொல்லு, அவர் சொல்லை மீறினதற்கு மன்னிப்புக் கேட்கிறேன் என்று. மறுபடி அதே மாதிரி நடந்தால் மறுபடியும் மீறுவேன் என்பதையும் சேர்த்துச் சொல்லு.

உனக்கு ஒரு வாக்கு கொடுக்கிறேன். இந்த வீட்டில் எது நடந்தாலும் பவானிக்கு அன்றைக்கே சொல்லுவேன். எனக்கு ஜுரம் என்றாலும் ஜுரம் என்று சொல்லுவேன். நான் போகிற நாளிலும் அப்படியே செய்ய வேண்டும் என்று உன் கொழுந்தனிடம் சொல்லி வைத்திருக்கிறேன். முதலில் முறைத்தார். நேற்று அவரே பவானியிடம் போனில், தனக்குக் கண்ணில் புரை வந்திருக்கிறது என்று சொல்லிவிட்டார்.

உன் மகளைப் பெற்றவள்,
உன் தங்கை தேசம்மா